தட்சுயா நகடாய்: எந்தப் படத்தில் தொடங்குவது, எதைக் கவனிப்பது?

கடைசிவரிசை

ஜப்பானிய நடிகர் தட்சுயா நகடாய் 2025 நவம்பர் 8 அன்று 92 வயதில் காலமானார். அப்போதிருந்து திரும்பத் திரும்ப வரும் கேள்வி, அவரை எங்கே ஆரம்பித்துப் பார்ப்பது என்பதுதான். பலரும் 'யோஜிம்போ', 'ஹராகிரி', 'ரான்' மூன்றோடு நிறுத்திவிடுகிறார்கள். 1954-இல் சில விநாடி வந்துபோன வேடம் தொடங்கி, தொண்ணூறு வயது தாண்டியும் மேடை ஏறியவர். அவரை மூன்று படத்தில் அடக்குவது அநியாயம்.

இன்னொன்றையும் பேசிவிடலாம். 'ரான்' பார்த்துவிட்டு "ஓவர் ஆக்டிங்" என்று சொல்பவர்கள் உண்டு. அதே மனிதர் 'ஹை அண்ட் லோ'வில் இன்ஸ்பெக்டர் டொகுராவாக வரும்போது ஒரு புருவம்கூட அநாவசியமாக அசையாது. இந்த இரண்டும் எப்படி ஒரே ஆளிடமிருந்து வருகிறது? தெரிந்தவர்கள் விளக்குங்கள்.

அரங்கம்

நண்பரே, முதலில் அவருடைய ஒப்பந்த விஷயத்தைத் தெரிந்துகொண்டால் மற்றதெல்லாம் தானாகப் புரியும்.

1953-இல் ஷோசிகு, தோஹோ, டாயே, ஷின்தோஹோ, தோயே ஆகிய ஐந்து பெரிய ஜப்பானியப் பட நிறுவனங்களும் தங்களுக்குள் ஓர் உடன்படிக்கை போட்டன. ஒரு நிறுவனத்தோடு ஒப்பந்தத்தில் இருக்கும் நடிகரை இன்னொரு நிறுவனம் எடுத்துக்கொள்ளக் கூடாது. ஒப்பந்தம் போட்டால் மாதச் சம்பளமும் தொடர்ந்து படங்களும் உறுதி. ஆனால் கம்பெனி எந்த முத்திரையைக் குத்துகிறதோ, வாழ்நாள் முழுக்க அந்த முத்திரைதான்.

நகடாய் ஹையுசா நாடகக் குழுவின் பயிற்சிப் பள்ளியிலிருந்து வந்தவர். எந்த ஸ்டூடியோவுக்கும் நிரந்தரமாக எழுதிக் கொடுக்கவில்லை. ஆண்டில் ஒரு பகுதி மேடைக்கு, மீதி சினிமாவுக்கு. அதனால்தான் ஷோசிகுவில் மசாகி கோபயாஷி, டாயேயில் கோன் இச்சிகாவா, தோஹோவில் குரோசாவாவும் நருசேயும் என்று ஒரே காலகட்டத்தில் வேலை செய்ய முடிந்தது. 1958-இலிருந்து 1962 வரைக்கும் மட்டும் எடுத்துப் பாருங்கள்: 'என்ஜோ', 'ககி', 'ஹ்யூமன் கண்டிஷன்' மூன்று பாகங்கள், நருசேயின் 'வென் எ வுமன் அசெண்ட்ஸ் த ஸ்டேர்ஸ்', 'யோஜிம்போ', கினோஷிதாவின் 'இம்மார்ட்டல் லவ்', 'சஞ்சுரோ', 'ஹராகிரி'. ஐந்து வருடம், ஐந்து பெரிய இயக்குநர்கள், எதிலும் முந்தைய வேடத்தின் சாயல் கிடையாது. ஒரே ஸ்டூடியோவில் கையெழுத்துப் போட்டிருந்தால் இந்தப் பட்டியலில் பாதிகூடத் தேறியிருக்காது.

நீங்கள் கேட்ட 'ரான்', 'ஹை அண்ட் லோ' வித்தியாசத்துக்கும் விடை இங்கேதான் இருக்கிறது. மேடையில் குரலை எந்த அளவுக்குத் திறக்கலாம் என்று தெரிந்தவருக்கு, எந்த அளவுக்கு மூடலாம் என்பதும் தெரியும்.

வாள்முனை

நடையிலிருந்து பாருங்கள் என்பேன். 'செவன் சாமுராய்' படத்தில் விவசாயிகள் ஊருக்குள் வந்து சாமுராய்களைத் தேடி நிற்கும்போது தெருவில் சிலர் கடந்துபோவார்கள். அதில் ஒருவர் இளம் நகடாய். வசனம் இல்லை, பெயர்ப் பட்டியலில் பெயரும் இல்லை. சும்மா நடந்துபோக வேண்டும், அவ்வளவுதான். அந்த நடை குரோசாவாவுக்குப் பிடிக்காமல் காலையில் ஆரம்பித்தது பிற்பகல் வரை இழுத்தது. காரணம் எளிது. ஹையுசாவில் அவர்கள் பழகியது மேலைநாட்டு நாடகங்கள். உடம்பில் ஊறியது கால்சட்டை போட்டவன் நடை. இடுப்பில் இரண்டு வாள் தொங்குபவன் அப்படி நடக்க மாட்டான். எடை இடுப்புக்குக் கீழே இறங்க வேண்டும், தலை மேலும் கீழும் ஆடக் கூடாது, இடது பக்கம் வாள் இருப்பதால் கை வீச்சும் மாறும்.

அந்த நாளின் அவமானத்தால், பிறகு 'யோஜிம்போ'வுக்கு அழைப்பு வந்தபோது முதலில் மறுத்துவிட்டதாக நகடாயே பின்னாளில் சொல்லியிருக்கிறார். அந்தப் பையனைத் தனக்கு நினைவிருக்கிறது, அதனால்தான் கூப்பிடுகிறேன் என்று குரோசாவா சொன்ன பிறகே ஒப்புக்கொண்டார்.

இப்போது 'யோஜிம்போ'வில் நகடாயின் உனோசுகே அறிமுகமாகும் இடத்தைப் பாருங்கள். கழுத்தில் கட்டம் போட்ட மஃப்ளர், கிமோனோவுக்குள் கைத்துப்பாக்கி. கதாநாயகன் மிஃபுனே தோளைக் குலுக்கி, சொறிந்து, குறுக்கே வெட்டி நடப்பவர். அதற்கு நேரெதிராக நகடாய் வழுக்கிக்கொண்டு வருவார். முகத்தில் புன்னகை மாறாது, இமைகூட அதிகம் கொட்டாது. அவர் அதிகம் அசையாததால்தான் துப்பாக்கி வெளியே வரும் கணம் அவ்வளவு பயமாக இருக்கிறது.

சுருள்35

வாள்முனை சொன்னதோடு 'சஞ்சுரோ' கடைசிச் சண்டையையும் சேர்க்க வேண்டும். நகடாயின் உடைக்குள் குழாய் பொருத்தி, அழுத்தப்பட்ட காற்றுச் சிலிண்டரோடு இணைத்து, ரத்தத் திரவத்தைப் பீய்ச்ச வைத்தார்கள். எதிர்பார்த்ததைவிட அழுத்தம் பல மடங்கு அதிகமாகிப்போய், திரவம் பீறிட்ட வேகத்தில் ஆளே பின்னால் தள்ளப்பட்டார். அந்த நேரத்தில் "ஐயோ" என்று முகம் மாறியிருந்தால் காட்சி போயிருக்கும். உடை, தரை, செட் எல்லாம் நனைந்த பிறகு மறுபடி எடுப்பதும் லேசில்லை. நகடாய் பாத்திரத்திலிருந்து வெளியே வராமலே சரிந்து விழுந்தார். குரோசாவா அதையே வைத்துக்கொண்டார்.

அதற்கு முன்னால் இருவரும் அரை நிமிடத்துக்குக் கிட்ட எதிரெதிரே அசையாமல் நிற்பார்கள் இல்லையா, அங்கே நகடாயின் கண்ணை மட்டும் பாருங்கள். மிஃபுனே உள்ளே சுருங்குவார், இவர் விறைப்பார். யார் தோற்கப்போகிறார்கள் என்று அப்போதே தெரிந்துவிடும்.

பிரதி விஷயத்தில் ஓர் எச்சரிக்கை. 'குவைதான்' படத்தில் நகடாய் வருவது பனிப்பெண் கதையில். அந்தப் படம் முழுசாக 183 நிமிடம். அமெரிக்கத் திரையரங்குகளுக்காக வெட்டிய 125 நிமிடப் பிரதியில் பனிப்பெண் கதையே கிடையாது. அந்தப் பிரதியைப் போட்டுவிட்டு "நகடாய் எங்கே?" என்று தேடினால் கிடைக்க மாட்டார். அதேபோல 'காகெமுஷா' ஜப்பானில் வெளியானது 180 நிமிடம், வெளிநாடுகளுக்குப் போனது 162. கால அளவைப் பார்த்துவிட்டுப் போடுங்கள்.

ஒலித்தடம்

எல்லோரும் கண்ணைப் பற்றிச் சொல்கிறீர்கள். நான் காதைப் பற்றிச் சொல்கிறேன்.

'ஹராகிரி' 1962-இல் வந்தபோது நகடாய்க்கு 29 வயது. அவர் நடித்த ட்சுகுமோ ஹன்ஷிரோ பேரக்குழந்தை பிறந்த தாத்தா. மருமகன் மொதோமேயாக நடித்த அகிரா இஷிஹாமா இவரைவிட இரண்டு மூன்று வயதுதான் சின்னவர். எதிரே மாளிகையில் உட்கார்ந்து விசாரிக்கும் ரெந்தாரோ மிகுனியோ நகடாயைவிட ஒன்பது பத்து வயது மூத்தவர். இந்தக் கணக்கை மறைக்க ஒப்பனை மட்டும் போதாது. நகடாய் குரலைத் தன் இயல்பான சுருதியிலிருந்து வெகுவாகக் கீழே இறக்கினார், வயிற்றிலிருந்து வரும் குரல். படத்தில் பெரும்பகுதி அவர் முற்றத்தில் வெள்ளைப் பாயில் உட்கார்ந்து கதை சொல்கிறார், அவ்வளவுதான். கையில் ஆயுதம் இல்லை, எழுந்து நடமாடவும் இல்லை. இரண்டு மணி நேரத்துக்கு மேல் ஓடும் படத்தைக் குரல்தான் தாங்குகிறது.

ஒரு பயிற்சி சொல்கிறேன். முற்றத்துக் காட்சியையும், கடன்பட்டு மகளோடு குடிசையில் வாழும் பழைய நினைவுக் காட்சியையும் படத்தைப் பார்க்காமல் ஒலியாக மட்டும் அடுத்தடுத்துக் கேளுங்கள். குடிசையில் குரல் கொஞ்சம் மேலே, மூச்சு தாராளம், வாக்கிய முடிவில் இளகும். முற்றத்தில் வாக்கியம் முடிந்த பிறகும் மூச்சை விடாமல் பிடித்து வைத்திருப்பார். கதையில் இரண்டுக்கும் நடுவே அதிக காலம் இல்லை. மகளும் மருமகனும் பேரனும் போய்விட்டார்கள், அவ்வளவுதான் நடந்திருக்கிறது. அதைக் குரலே சொல்லிவிடுகிறது.

ஆங்கில டப்பிங்கில் இந்தப் படத்தைப் பார்க்கவே பார்க்காதீர்கள். நகடாயின் பாதியை இழந்துவிடுவீர்கள்.

வாள்முனை

ஆமாம். புல்வெளியில் டெட்சுரோ தம்பாவோடு மோதும் காட்சிக்கு நிஜ வாளைப் பயன்படுத்தினார்கள் என்று நகடாய் சொல்லியிருக்கிறார். காற்று புல்லை அடித்துக்கொண்டிருக்க இருவரும் இவ்வளவு இடைவெளி விட்டு, இவ்வளவு நிதானமாக நகர்வதற்கு அதுவும் ஒரு காரணம். மொட்டை வாள் என்றால் வேகம் கூடும், பயம் குறையும்.

கடைசிவரிசை

ஒலித்தடம் சொன்னதைக் கேட்டதும் 'த ஃபேஸ் ஆஃப் அனதர்' நினைவு வருகிறது. அதுவும் குரல் படம்தானே?

ஒலித்தடம்

நிச்சயமாக. தெஷிகஹாரா 1966-இல் எடுத்தது, கோபோ ஆபேயின் கதை. முகம் வெந்துபோன ஒகுயாமா முதலில் நமக்குக் காட்டப்படுவதே எக்ஸ்ரேயில்தான். மண்டையோடு பேசுகிறது, தாடை எலும்பு மேலும் கீழும் போகிறது. பிறகு நெடுநேரம் முகம் முழுக்கக் கட்டு. கண்ணும் வாயும் தவிர எதுவும் தெரியாது. மருத்துவர் செய்து கொடுக்கும் முகமூடியைப் போட்ட பிறகுதான் நகடாயின் நிஜ முகம் திரைக்கு வருகிறது, ஆனால் பாத்திரத்துக்கு அது அந்நிய முகம்.

இங்கே அவர் செய்த நுட்பம்: தன் சொந்த முகத்தையே பழக்கமில்லாத பொருள்போலக் கையாண்டார். சிரிப்பு ஒரு நொடி தாமதமாக வரும். கன்னம் அசையாமல் உதடு மட்டும் பேசும். தாடியைத் தொட்டுப் பார்க்கும் விரல், ஒட்டியது பிய்ந்துவிடுமோ என்று பயப்படும் விரல். கட்டுப் போட்டிருந்தபோது கசப்பும் எரிச்சலுமாகக் கொட்டிய குரல், முகமூடி வந்ததும் அடங்கி வழவழப்பாகிவிடும். முகம் கிடைத்தவுடன் மனிதன் சந்தோஷப்படுவான் என்று நாம் நினைக்கும் இடத்தில் அவர் அவனை வெறுமையாக்குகிறார்.

திண்ணை

இழையைத் தொடர்ந்து படிக்கிறேன். ஒரு விஷயம் விட்டுப்போயிற்று: நொண்டும் வேடங்கள். 'என்ஜோ'வில் (1958) கால் வளைந்த மாணவன் தோகாரி. 'இம்மார்ட்டல் லவ்'வில் (1961) சீனப் போரில் கால் ஊனமாகி ஊர் திரும்பும் பண்ணையார் மகன் ஹெய்பேய். மூன்று வருட இடைவெளியில் இரண்டு கால் ஊனம். ஒன்றைப் பார்த்துவிட்டு மற்றதைப் பாருங்கள்.

தோகாரிக்குப் பிறவியிலேயே வந்தது. அதனால் அந்த நடை அவனுக்குப் பழகிப்போனது, அதை ஓர் ஆயுதமாக வைத்திருக்கிறான். வேண்டுமென்றே கூடுதலாக இழுத்து, எதிரில் இருப்பவர் பதறுவதை ரசிக்கிறான். ஹெய்பேயிக்கு அது பாதியில் வந்தது. ஊன்றுகோலை ஒவ்வொரு முறையும் கோபத்தோடு ஊன்றுகிறான். உட்கார்ந்து எழும்போது யாரும் உதவ வந்துவிடக் கூடாதே என்று அவசரப்படுகிறான். கதை 1932-இல் தொடங்கி ஏறக்குறைய முப்பது வருடம் ஓடுகிறது. வயது ஏற ஏற அந்தக் கோபம் வடிந்து, ஊன்றுகோல் வெறும் ஊன்றுகோலாகிவிடும். அப்போது நகடாய்க்கு 28 வயது. என் கணக்கில் 'ஹராகிரி' தாத்தா வேடத்துக்கு ஒத்திகை அங்கேதான் நடந்தது.

சுருள்35

அருமை. 'என்ஜோ' பிரதி கிடைத்தால் ஒளிப்பதிவாளர் கசுவோ மியாகவா அகலத் திரையை எப்படிப் பயன்படுத்துகிறார் என்பதையும் பாருங்கள். ஓரங்களை வெட்டிய பழைய டிவி பிரதிகளில் தோகாரியின் கால் சட்டகத்துக்கு வெளியே போய்விடும் அபாயம் உண்டு. நடையே தெரியாவிட்டால் இந்த வேடத்தில் என்ன மிச்சம்?

அரங்கம்

இப்போது 'ரான்' பக்கம் வருவோம். மிகை என்ற குற்றச்சாட்டில் எனக்கு உடன்பாடில்லை.

நகடாய் நடித்த ஹிடெதோராவின் ஒப்பனை, ஜப்பானின் பழைய முகமூடி நாடகமான நோவின் முகமூடியை அடிப்படையாகக் கொண்டது. போட்டு முடிக்க ஏறத்தாழ நான்கு மணி நேரம் ஆகும். முகத்தில் அவ்வளவு பூச்சு இருக்கும்போது சின்னச் சின்ன தசை அசைவுகள் வெளியே தெரியாது. இயல்புவாத நடிப்பை அங்கே போட்டால் பூச்சு அதை விழுங்கிவிடும். ஆகவே முகத்தை ஒரு நிலையில் உறையவைத்து, கழுத்தைத் திருப்பும் கோணத்தாலும் உடல் நிற்கும் விதத்தாலும் உணர்ச்சியை மாற்ற வேண்டும். நோ நடிகர் செய்வதும் அதுதான். முகமூடி மாறாது; சற்றே குனிந்தால் துக்கம், நிமிர்ந்தால் வேறு. நகடாய் கண்ணைப் பெரிதாகத் திறந்து வைத்திருப்பது உணர்ச்சி மிகுதியால் அல்ல, அது முகமூடியின் கண்.

மூன்றாம் கோட்டை எரியும் காட்சியை இந்தக் கண்ணோடு பாருங்கள். ஃபுஜி மலைச் சரிவில் நிஜமாகவே கட்டி நிஜமாகவே எரித்த கோட்டை. இரண்டாவது டேக் என்ற பேச்சுக்கே இடமில்லை. முதுகுக்குப் பின்னால் தீ, காலுக்குக் கீழே செங்குத்தான படிகள், கையில் வெறும் வாளுறை. காலைப் பார்த்து இறங்கினால் பைத்தியம் பிடித்த கிழவன் போய்விடுவான். பார்க்காமல் இறங்கினால் விழ வாய்ப்பு, விழுந்தால் கோட்டையே வீண். அவர் கீழே பார்க்கவில்லை. பார்வை எங்கோ தூரத்தில் நிலைத்திருக்க, பாதம் தானாகப் படியைத் தேடி இறங்குகிறது. இருபக்கமும் படை விலகி வழிவிடுகிறது. 'செவன் சாமுராய்' தெருவில் நடக்கத் தெரியாமல் திண்டாடிய அதே கால்கள்.

வயது ஐம்பதைத் தாண்டியவர் எழுபது வயதுக்காரராக நடித்தார் என்பதும் கவனத்தில் இருக்கட்டும்.

கடைசிவரிசை

இதை ஏற்றுக்கொள்கிறேன். முகமூடி என்று வைத்துப் பார்த்தால் மிகை என்ற சொல்லே பொருந்தாது. 'காகெமுஷா' பற்றியும் சொல்லிவிடுங்கள்.

சுருள்35

பிரபு டகேடா ஷிங்கென், அவர் இடத்தில் நிறுத்தப்படும் திருடன் என்று இரட்டை வேடம். முதலில் அது 'சடோயிச்சி' புகழ் ஷிந்தாரோ கட்சுவுக்கு. படப்பிடிப்பு தொடங்கும் நேரத்தில் தன் நடிப்பைப் பதிவு செய்ய சொந்த வீடியோ ஆட்களைக் கூட்டிவந்தார், குரோசாவா ஒப்பவில்லை, கட்சு வெளியேறினார். அந்த இடத்துக்கு நகடாய் வந்தார். கட்சு என்றால் திருடன் வேடம் இயல்பாக அமைந்து, ஷிங்கென் வேடம் சிரமப்பட்டிருக்கும் என்று நினைக்கிறேன். நகடாயிடம் அது தலைகீழ். பிரபு அவருக்குச் சுலபம், திருடனைத்தான் உழைத்துக் கண்டுபிடிக்க வேண்டியிருந்தது.

தொடக்கக் காட்சி ஆறு நிமிடம், கேமரா அசையாது. ஒரே உடையில் மூன்று பேர்: ஷிங்கென், தம்பி நொபுகாடோ, திருடன். தம்பி ட்சுதோமு யமசாகி. மற்ற இரண்டும் நகடாய், தனித்தனியே நடித்துச் சேர்த்தது. சுவரில் பெரிய நிழல் விழுவது ஷிங்கெனுக்கு மட்டும். எதிரே இல்லாத தன்னையே பார்த்து, சரியான நேரம் விட்டுப் பேச வேண்டும். நேரம் ஒரு நொடி பிசகினாலும் ஒட்டுவேலை தெரிந்துவிடும். ஷிங்கென் உட்காரும்போது எடை தரையில் இறங்கியிருக்கும். திருடன் உட்காரும்போது எடை தோளில் தொங்கும். படத்தின் பிற்பகுதியில் திருடன் நிழலாளாக ஆனபின், அந்த எடை மெல்ல மெல்லத் தோளிலிருந்து இடுப்புக்கு இறங்குவதைத் தேதி போட்டுக் குறிக்கலாம், அவ்வளவு துல்லியம்.

ஒரு சுவையான தொடர்ச்சி: 1980-இல் டகேடா ஷிங்கெனாக நடித்தவர், 2007-இல் என்எச்கே தொலைக்காட்சித் தொடரான 'ஃபூரின் கசான்'இல் அதே ஷிங்கெனின் அப்பா நொபுதோராவாக வந்தார்.

திண்ணை

பிற்காலத்தை யாரும் தொடவில்லையே. 1975-இல் மனைவி யசுகோ மியசாகியோடு சேர்ந்து 'முமெய்ஜுகு' தொடங்கினார். பெயரில்லாதோர் பள்ளி என்று பொருள். மாணவர்களிடம் கட்டணம் வாங்காத நடிப்புப் பள்ளி. கோஜி யகுஷோ அங்கே தயாரானவர்தான். 1996-இல் மனைவி இறந்த பிறகும் பள்ளியை விடவில்லை.

நோட்டோ தீபகற்பத்தில் நனாவோவில் இருக்கும் நோட்டோ எங்கெகிடோ அரங்கம் அவர் குழுவின் இன்னொரு வீடு. 1995-இல் திறந்தது. மேடையின் பின்சுவர் முழுதாகத் திறக்கும், வெளியே இருக்கும் மரமும் மலையும் நாடகத்துக்குள் வந்துவிடும். 'மக்பெத்' போட்டபோது குதிரைகள் அந்தத் திறப்பு வழியாகத்தான் வந்தன. அப்படி ஒரு மேடையில் குரல் வெளியே ஓடிவிடும். திரும்பி வரும் எதிரொலி கிடைக்காது. மூச்சைக் கணக்குப் போட்டுச் செலவழிக்கத் தெரியாதவர் ஒரு அங்கம்கூடத் தாங்க மாட்டார். 2024 புத்தாண்டு நாளன்று அந்தப் பகுதியை நிலநடுக்கம் குலைத்துப் போட்டது. அதற்கு அடுத்த ஆண்டு, 92 வயதில், அதே அரங்கில் பிரெக்டின் 'மதர் கரேஜ்' தாய் வேடம் போட்டார். சில மாதங்களில் போய்ச் சேர்ந்தார்.

சினிமாவில் கடைசிக் காலத்துக்கு 'ஹருஸ் ஜர்னி' (2010) பாருங்கள். 'டேல் ஆஃப் த பிரின்சஸ் ககுயா'வில் (2013) கரி சுடும் முதியவரின் குரலும் அவருடையதே. சில வரிகள்தான்.

கடைசிவரிசை

அப்படியானால் இந்த வரிசையை வைக்கிறேன். முதலில் 'ஹை அண்ட் லோ', அடங்கிய நகடாய் பழகட்டும். பிறகு 'யோஜிம்போ'வும் 'சஞ்சுரோ'வும் ஒரே வாரத்தில். அடுத்து 'ஹராகிரி'. அதன்பின் 'த ஃபேஸ் ஆஃப் அனதர்', 'காகெமுஷா', 'ரான்'. சரிதானா?

வாள்முனை

'ஹராகிரி'க்கும் 'ஃபேஸ்'க்கும் நடுவில் 'ஸ்வார்ட் ஆஃப் டூம்' (1966) வையுங்கள். வாளைத் தாழ்த்தி, முனை தரை பார்க்க, உயிரற்ற கண்ணோடு நிற்கும் ரியுனோசுகே. முடிவு அந்தரத்தில் உறைந்து நிற்கும்போது பிரதி கெட்டுவிட்டதோ என்று நினைக்க வேண்டாம். நெடுந்தொடர் நாவலின் ஒரு பகுதி அது. தொடர்ச்சிப் படம் திட்டத்தில் இருந்தது, வரவில்லை.

அரங்கம்

'ஹ்யூமன் கண்டிஷன்' எங்கே போயிற்று? மூன்று பாகமும் சேர்ந்து ஒன்பதரை மணி நேரத்துக்கு மேல். ஒரே நாளில் உட்கார்ந்து முடிக்க நினைக்காதீர்கள். நகடாய் நடிக்கும் காஜியின் முகம் மெலிவது கண்ணுக்குப் பழகி, தெரியாமல் போய்விடும். படங்களும் 1959 ஜனவரி, அதே ஆண்டு நவம்பர், 1961 ஜனவரி என்று இரண்டு வருட இடைவெளியில்தான் வந்தன. வாரத்துக்கு ஒரு பாகம் வையுங்கள். மூன்றாவதை முடித்த கையோடு முதல் பாகத்தின் முதல் பத்து நிமிடத்தை மறுபடி ஓட்டுங்கள். பனி விழும் மஞ்சூரியத் தெருவில் நிற்கும் அந்த இளைஞனின் கன்னத்தைப் பாருங்கள்.